நிலக்கீழ் அறைச் சுவர் மாரியில் ஊறுகிறது: உள்ளே பூசுவதா, வெளியே தோண்டிப் பூசுவதா?

கொப்பிக்கடை மகன்:

வணக்கம். கட்டட வேலை தெரிந்தவர்களிடம் ஆலோசனை கேட்டு எழுதுகிறேன்.

யாழ்ப்பாணம் கோண்டாவிலில் எங்கள் கடைக்குக் கீழே ஒரு நிலக்கீழ் அறை இருக்கிறது. 2012இல் கடை எழும்பியபோதே சேர்த்துக் கட்டியது. நீளம் 20 அடி, அகலம் 12 அடி. அறையின் தரை வெளி நிலமட்டத்துக்கு 6 அடி கீழே இருக்கிறது. மேலே இரண்டரை அடிச் சுவர் நிலத்துக்கு வெளியே நிற்கிறது, அதில் காற்றுத் துளைகள் உண்டு. சுவர் 6 அங்குலச் சீமெந்துக் கல், நடுவில் துளையுள்ள வகை. மண்ணுக்குள் புதைந்திருக்கும் பகுதிக்கு வெளிப்பக்கம் பூச்சே இல்லை என்று அப்பா சொல்கிறார்.

நாங்கள் விற்பது கொப்பியும் கடதாசியும். தை மாதம் பாடசாலை தொடங்குவதற்கான சரக்கு கார்த்திகை, மார்கழியில்தான் வந்து இறங்கும். அறை ஊறுவதும் அதே மாதங்களில்தான். கிழக்குச் சுவரிலும் வடக்குச் சுவரிலும் ஈரம் ஒரு முழம் ஏறுகிறது, சில வருடங்களில் இரண்டு முழம். பூச்சு பொருமி, விரல் பட்டால் மாவாக உதிர்கிறது. வெள்ளையாக உப்புப் பூக்கிறது. அடைமழை விடாமல் பெய்தால் சுவரும் தரையும் சேரும் மூலையில் தண்ணீர் கோடு கட்டி வருகிறது. அடியில் அடுக்கிய கொப்பிகளின் ஓரம் நெளிந்துவிடுகிறது. அப்படியான கொப்பியைப் பிள்ளைகளுக்கு விற்க மனம் வருவதில்லை.

கொந்தராத்துக்காரர் ஒருவர் வந்து பார்த்து, பழைய பூச்சைச் சுரண்டிவிட்டு உள்ளே நீர்க்காப்புப் பூச்சு இரண்டு கோட் அடித்தால் போதும் என்கிறார். மாமா, வெளியே தோண்டித் தார் பூசு என்கிறார். வடக்குப் பக்கம் தோண்டுவது கடினம். பக்கத்து வளவு மதில் 3 அடி தூரத்தில் நிற்கிறது. எது சரி?

இணுவில் வாசி:

உள்ளே பூசும் சீமெந்துக் கலவை வகைகள் இப்போது தரமாக வருகின்றன. எங்கள் வீட்டுக் குளியலறைச் சுவருக்கு அதைத்தான் பூசினோம். மறுபக்கத்து அறையில் இருந்த ஈரம் முற்றாக நின்றுவிட்டது. தோண்டுவது பெரிய செலவு. முதலில் உள்ளே பூசிப் பாருங்கள்.

ஓய்வுபெற்ற தொழினுட்ப உத்தியோகத்தர்:

தம்பி, உள்ளே பூசும் வேலைக்கு முற்பணம் கொடுக்காதீர்கள். குளியலறையில் தண்ணீர் வருவது பூச்சு இருக்கும் பக்கத்திலிருந்து. அதனால் அங்கே பூச்சு நிற்கிறது. உங்கள் அறையில் தண்ணீர் மண்பக்கத்திலிருந்து சுவரைத் தள்ளிக்கொண்டு வருகிறது. வெளியே பூசினால் அந்தத் தள்ளலே பூச்சைச் சுவரோடு சேர்த்து அமுக்கிப் பிடிக்கும். உள்ளே பூசினால் அதே தள்ளல் பூச்சை உரித்துப் போடும். ஒரு மீற்றர் ஆழத் தண்ணீர், சதுர மீற்றருக்கு ஒரு தொன் அழுத்தம் கொடுக்கும். உங்கள் சுவருக்கு வெளியே 6 அடிக்கும் தண்ணீர் நின்றால் அடிவரிசைக் கல்லில் 1.8 தொன். பூச்சு அதைத் தாங்கினாலும் கல் தண்ணீரிலேயே ஊறிக் கிடக்கும். கரைந்து வரும் உப்பு பூச்சுக்குப் பின்னால் பளிங்காகித் திரண்டு, அதைப் பொருமச் செய்யும். நீங்கள் இப்போது பார்ப்பது அதைத்தான்.

உங்கள் கல் துளைக்கல் என்பதையும் யோசிக்க வேண்டும். நான் சேவையில் இருந்தபோது இப்படி ஒரு சுவரை உள்ளேயிருந்து பரிசோதித்திருக்கிறேன். அடிவரிசைக் கல்லின் நடுவில் உளி வைத்துத் தட்டினோம். கல் உடைந்த உடனே விரல் மொத்தத்தில் தண்ணீர் பாய்ந்தது. முதலில் செம்மண் நிறத்தில் வந்து, பிறகு தெளிந்தது. வைத்த வாளி நிறைந்து, மாற்றி வைத்த வாளியும் நிறைந்தது. வெளியே மழை விட்டு வெயில் எறித்துக்கொண்டிருந்தது. கல்லுக்குக் கல் துளைகள் இணைந்து, சுவரே ஒரு தொட்டியாகியிருந்தது. அப்படிப்பட்ட சுவருக்கு உட்பூச்சுப் பூசினால், தொட்டியை இன்னும் மேலே நிரப்பிவிடுவதாகத்தான் முடியும்.

ஆனால் மாமா சொல்கிறபடி உடனே மண்வெட்டி எடுக்கவும் வேண்டாம். முதலில் வளவுக் கிணற்றை எட்டிப் பாருங்கள். வெயில் உச்சிக்கு வந்த நேரத்தில் பார்த்தால் உட்கட்டு நன்றாகத் தெரியும். மாரித் தண்ணீர் ஏறி நின்று இறங்கிய இடத்தில் கறை இருக்கும். அதற்குக் கீழே பாசி காய்ந்து கறுத்திருக்கும், மேலே கல் வெளிறியிருக்கும். ஒன்றுக்கு மேற்பட்ட கோடுகள் தெரிந்தால் எல்லாவற்றுக்கும் மேலேயுள்ள மங்கிய கோட்டை எடுங்கள். நிலமட்டத்திலிருந்து அந்தக் கோட்டுக்கு எத்தனை அடி என்று நாடா பிடித்து எழுதுங்கள்.

ஏன் கிணறு என்றால், யாழ்ப்பாணத்தில் மாரியில் மட்டும் ஓடும் வழுக்கையாற்றைத் தவிர ஆறு என்று ஒன்றில்லை. பெய்யும் மழை செம்மண்ணுக்குள் இறங்கி, அடியிலுள்ள சுண்ணாம்புக்கல்லின் வெடிப்புகளில் தேங்குகிறது. கிணற்றில் தெரிவது அந்தத் தண்ணீரின் மேல்மட்டம். உங்கள் அறைக்கு வெளியிலும் ஏறத்தாழ அதே மட்டம்தான். போர்க்காலத்தில் பதுங்குகுழி வெட்டியவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். வைகாசியில் காய்ந்து கிடந்த குழிக்குள் மார்கழியில் முழங்கால் தண்ணீரில் பிள்ளைகளைத் தூக்கி வைத்துக்கொண்டு நின்ற குடும்பங்கள் எத்தனை. அந்தக் கோடு உங்கள் தரைக்கு மேலே இருந்தால், அறை நிலத்தடி நீருக்குள் நிற்கிறது. அப்போது சுவருக்கு மட்டும் பூசிப் பயனில்லை, தரையையும் சேர்த்து யோசிக்க வேண்டும். கோடு தரைக்குக் கீழே இருந்தால், உங்களுக்கு வருவது கூரையிலிருந்தும் முற்றத்திலிருந்தும் சுவரோரமாக இறங்கும் மழைநீர். நோய் எது என்று தெரியாமல் மருந்துக்குச் செலவழிக்கக் கூடாது. அளந்து எழுதுங்கள், மீதியைப் பிறகு சொல்கிறேன்.

மோட்டர் பூட்டி நாள் முழுக்க இறைத்துவிடலாம் என்று யாரும் சொன்னால் கேட்காதீர்கள். நம் நிலத்தடியில் நன்னீர் உவர்நீருக்கு மேலே மிதக்கிறது. கடல்மட்டத்துக்கு மேலே ஒரு அடி நன்னீர் நின்றால் அதற்குக் கீழே ஏறத்தாழ 40 அடி வரை நன்னீர் தாங்கி நிற்கும் என்பது கணக்கு. மேலே ஒரு அடியை இறைத்துக் குறைத்தால் கீழே உவர் அந்த 40 அடி அளவுக்கு மேலே வரப் பார்க்கும். நிலாவரைக் கிணற்றில் மேலே நன்னீரும் ஆழத்தில் உவர்நீருமாக இருப்பது எல்லோரும் அறிந்ததுதான். உங்கள் அறையைக் காயவைப்பதற்காக அயலவர் கிணறு உவராகக் கூடாது.

ஸ்காபரோவிலிருந்து:

தம்பி, எனக்கும் சொந்த ஊர் கோண்டாவில்தான். இங்கே கனடாவில் நிலக்கீழ் அறை இல்லாத வீட்டைத் தேடிப் பிடிக்க வேண்டும். எங்கள் வீட்டிலும் ஒரு சுவர் ஊறியது. வந்து பார்த்தவர் சுவரைத் தொடுவதற்கு முன்பே வெளியே போய்ப் பீலிக் குழாயைக் காட்டினார். கூரைத் தண்ணீர் முழுவதும் சுவரடியில் கொட்டிக்கொண்டிருந்தது. குழாயை நீட்டி வீட்டை விட்டுத் தள்ளி விட்டதும் பாதி ஈரம் குறைந்தது. மீதிக்குத்தான் அத்திவாரம் வரை தோண்டி, பூசி, குமிழ் போட்ட பிளாஸ்ரிக் விரிப்பை அடித்து, அடியில் துளைக்குழாய் போட்டார்கள். சுவரோரம் பூக்கன்று வைத்துத் தண்ணீர் ஊற்றுகிறீர்களா என்றும் பாருங்கள். எங்கள் வீட்டில் அதுவும் இருந்தது.

நல்லூர் கட்டட வரைஞர்:

ஐயா சொன்னதை ஆமோதிக்கிறேன். வடக்குச் சுவரைப் பற்றி மட்டும் ஒன்று சேர்க்கிறேன்.

நிலத்துக்குக் கீழான கட்டடங்களுக்கு நம் பொறியியலாளர்கள் பார்க்கும் பிரித்தானிய நியமம் பிஎஸ் 8102. அது மூன்று வழி சொல்கிறது. வெளியே தடுப்புப் போடுவது ஒன்று, சுவரையே நீர் புகாத கொங்கிறீற்றாகக் கட்டுவது ஒன்று, வரும் தண்ணீரை வரவிட்டு உள்ளே வழிநடத்தி வெளியேற்றுவது ஒன்று. மதில் 3 அடியில் நிற்கும் பக்கத்தில் 6 அடி தோண்டினால் மதில் விழும் ஆபத்து உண்டு. அங்கே மூன்றாவது வழியை எடுங்கள். பூச்சை முழுவதும் தட்டிவிட்டு, குமிழ் விரிப்பைச் சுவரில் அடித்து, அதற்குப் பின்னால் இறங்கும் தண்ணீரைத் தரையோரக் கானில் பிடித்து ஒரு குழிக்குள் விட வேண்டும். விரிப்புக்கு முன்னால் மெல்லிய சுவரோ பலகையோ வரலாம். இது தண்ணீரோடு மல்லுக்கட்டுவதில்லை, ஆகவே உரிந்து விழுவதும் இல்லை. கானுக்கு மூடியை மட்டும் திறக்கக்கூடியதாக வையுங்கள். நம் தண்ணீரில் சுண்ணாம்பு அதிகம், சீமெந்திலிருந்தும் கரைந்து வரும். கேத்திலின் அடியில் படிவது போலவே கானிலும் படியும். வருடம் ஒருமுறை சுரண்ட வேண்டும்.

கொப்பிக்கடை மகன்:

எல்லோருக்கும் நன்றி. கிணற்றைப் பார்த்தேன். நிலத்திலிருந்து கறைக்கோடு எட்டரை அடியில் இருக்கிறது, அதாவது எங்கள் தரைக்கு இரண்டரை அடி கீழே. ஆனால் பக்கத்து வீட்டு ஆச்சி ஒன்று சொன்னார். 2008 நவம்பரில் நிஷா புயல் அடித்தபோது தண்ணீர் நிலத்திலிருந்து 4 அடிக்கு வந்து, வாளியைக் கயிறில்லாமல் எட்டி முகந்தாராம். அந்தக் கோடு இப்போது தெரியவில்லை. பிறகு கட்டுக்கு வெள்ளை அடித்திருக்கிறார்கள்.

ஸ்காபரோ அக்கா சொன்னபடி வெளியே போய்ப் பார்த்தேன். கிழக்குப் பக்கக் கூரைக்குப் பீலியே இல்லை. வீதியைத் திரும்பத் திரும்ப உயர்த்திப் போட்டதால் முற்றம் பள்ளமாகிவிட்டது என்று சீமெந்து இழுத்திருக்கிறோம், அதன் சரிவு கடைப்பக்கம் வருகிறது. சீமெந்துத் தரைக்கும் சுவருக்கும் நடுவில் ஒரு வெடிப்பு. பென்சில் முழுதாக உள்ளே போகிறது. மழை இல்லாத நாளில் அந்த வெடிப்புக்குள் குழாயை வைத்துத் தண்ணீர் விட்டேன். மேலே ஒரு சொட்டும் தேங்கவில்லை, எல்லாம் உள்ளே இறங்கியது. பின்னேரம் அறைக்குள் போனால் கிழக்குச் சுவரின் அடியில் புது ஈரம்.

ஓய்வுபெற்ற தொழினுட்ப உத்தியோகத்தர்:

தம்பி, இதைவிடத் தெளிவான பரிசோதனை வேண்டியதில்லை. கிழக்குச் சுவருக்கு வருவது மழைநீர். ஆச்சி சொன்னதையும் நான் தள்ளிவிட மாட்டேன். நிஷாவைக் கண்ட வீட்டார் சொல்லும் மட்டத்தை, வழமையான வருடத்துக் கோட்டைவிட மேலாக மதிக்க வேண்டும்.

முதல் வேலை பீலி. தண்ணீரை 10, 15 அடி தள்ளிக் கொண்டுபோய் விடுங்கள். முற்றச் சீமெந்தைச் சுவரோரம் 4 அடி அகலத்துக்கு உடைத்து, சுவரிலிருந்து வெளியே சரியும்படி திரும்பப் போட வேண்டும். 4 அடிக்கு இரண்டரை அங்குலச் சரிவு போதும். ஆனால் அதைத் தோண்டும் வேலை முடிந்த பிறகு போடுங்கள், இல்லாவிட்டால் இரட்டைச் செலவு.

தோண்டுவது கோடையில். பங்குனிக்கு முன் தொடங்காதீர்கள், ஆவணிக்குள் மண் மூடி முடியுங்கள். செம்மண் காய்ந்திருக்கும்போது செங்குத்தாக நிற்பதைப் பார்த்து மனிதர் நம்பிவிடுவார்கள். ஒரு மழை பட்டால் சொல்லாமல் சரியும். 4 அடிக்குக் கீழே ஆள் இறங்குவதானால் பலகையும் முட்டும் கட்டாயம் கொடுக்க வேண்டும். 20 அடியையும் ஒரே தடவையில் திறக்காமல் பகுதி பகுதியாக எடுங்கள். அத்திவாரத்தின் அடிமட்டத்துக்குக் கீழே ஒரு அங்குலமும் போகக் கூடாது. சீமெந்துக் கல் சுவர் மண்ணோடு சேர்ந்து நின்று பழகியது. தோண்டுவதற்கு முன் பொறியியலாளர் ஒருவர் நேரில் வந்து பார்க்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவேன்.

சுவர் வெளியே தெரிந்ததும் கம்பித் தூரிகையால் மண் போகத் தேய்த்துக் கழுவுங்கள். கல்லுக்கும் கல்லுக்கும் இடையிலான சாந்தில் ஓட்டை இருந்தால் அடைத்து, முழுச் சுவருக்கும் சீமெந்துப் பூச்சுப் பூசுங்கள். துளைக்கல்லின் முகத்தில் நேரே நீர்க்காப்புப் பூசினால் ஊசித்துளைகள் வழியே வெடிக்கும். இனி மிக முக்கியமான இடம்: சுவர் அத்திவாரத்தில் உட்காரும் உள்மூலை. பூச்சு செங்கோணத்தில் மடங்கும் இடத்தில்தான் முதலில் கிழியும். அந்த மூலையில் இரண்டு அங்குலத்துக்குச் சாந்தை வைத்து, போத்தலின் பக்கத்தால் இழுத்து வளைவாக்குங்கள். கை வைத்துத் தடவினால் எங்கும் தட்டுப்படக் கூடாது. மேசன்மார் அவசரத்தில் விடும் இடம் இதுதான், பக்கத்தில் நின்று செய்விக்க வேண்டும்.

அதன்மேல், தூளும் திரவமும் கலந்து பூசும் நெகிழ்வுள்ள சீமெந்து வகையை எடுக்கலாம். இரண்டு கோட், முதலாவது கிடையாக, இரண்டாவது நெடுக்காக. சுவரை நனைத்து, மினுக்கம் போன பிறகு பூச வேண்டும். தார் விரிப்பை எடுத்தால் எதிர்மாறு, சுவர் நன்றாகக் காய்ந்திருக்க வேண்டும். விரிப்புக்கு விரிப்பு 4 அங்குலம் மேவ வேண்டும். மாமா சொல்லும் வெறும் தார்ப் பூச்சு ஈரலிப்பைக் குறைக்கும். ஆனால் அது காலம் போகக் காய்ந்து இறுகும், சுவரில் மயிர்வெடிப்பு விழுந்தால் கூடவே வெடிக்கும். தண்ணீர் தேங்கி அழுத்தும் இடத்துக்கு அது போதாது. எதைப் பூசினாலும் நிலமட்டத்துக்கு மேலே 6 அங்குலம் வரை ஏற்றி முடியுங்கள்.

பூச்சுக் காய்ந்ததும் அதன்மேல் குமிழ் விரிப்பு. கல்லும் ஓட்டுத் துண்டும் கலந்த மண்ணை நேரே கொட்டினால் அன்றைக்கே பூச்சைக் கிழித்துவிடும். அடியில் அத்திவாரத்தோடு ஒட்டித் துளைக்குழாயைத் துணியில் சுற்றிச் சல்லிக்குள் கிடத்துங்கள். குழாய் அறைத்தரை மட்டத்துக்குக் கீழே இருக்க வேண்டும். அதன் தண்ணீரை வளவின் மறுபக்கத்தில் ஊறல்குழி ஒன்றுக்கு விடுங்கள். கிணற்றுக்கும் மலசலகூடக் குழிக்கும் தள்ளி இருக்கட்டும். மண்ணை அரை அடி அரை அடியாகப் போட்டு இடியுங்கள்.

வடக்குப் பக்கத்துக்கு வரைஞர் சொன்ன முறை சரி. அதற்கு வெட்டும் குழிதான் நிஷா போன்ற வருடத்துக்கும் உதவும். கணக்கைப் பாருங்கள். கிணறு 4 அடிக்கு ஏறினால் தண்ணீர் உங்கள் தரைக்கு 2 அடி மேலே நிற்கும். தரை 4 அங்குலக் கொங்கிறீற்றாக இருந்தால் அதன் நிறை சதுர மீற்றருக்கு 0.24 தொன். அடியிலிருந்து மேல்நோக்கித் தள்ளுவது ஏறத்தாழ 0.7 தொன். எல்லாத் துளையையும் இறுக்கி அடைத்துவிட்டு நின்றால் தரை வெடித்து எழும். அப்படியொரு வருடம் வந்தால் குழி வழியே தண்ணீர் உள்ளே வரட்டும், தரை பிழைத்துக்கொள்ளும். தண்ணீர் இறங்கிய பிறகு இறைத்துக் கழுவலாம். அந்த ஒரு வருடத்துக்காக முழு அறையையும் கொங்கிறீற்றில் மீளக் கட்டும் செலவை ஒரு கொப்பிக்கடை ஏற்க வேண்டும் என்று நான் சொல்ல மாட்டேன். சரக்கை மட்டும் இரும்புத் தட்டுகளில் மூன்றடி உயரத்துக்கு மேலே, சுவரில் முட்டாமல் வையுங்கள். கார்த்திகையில் புயல் அறிவித்தல் வந்தால் மேலே கடைக்குள் ஏற்றிவிடுங்கள்.

கொப்பிக்கடை மகன்:

ஐயா, இவ்வளவு விளக்கமாக எழுதியதற்கு மிக்க நன்றி. பீலிக்கு இந்தக் கிழமையே ஆள் பிடிக்கிறேன். இன்னும் ஒரு கேள்வி. வெளிவேலை முடிந்ததும் உள்ளே பூசி நிறம் அடித்துவிடலாமா? அடுத்த தைக்கு முன் அறை வேண்டும்.

ஓய்வுபெற்ற தொழினுட்ப உத்தியோகத்தர்:

அடிக்க வேண்டாம். கல்லுக்குள் இத்தனை வருடம் ஊறிய தண்ணீர் உள்பக்கமாகத்தான் வெளியேற வேண்டும். சுவர் ஒரு அங்குலம் காய ஒரு மாதம் என்று வைத்துக்கொள்ளுங்கள். உப்பேறிய பழைய பூச்சை ஈரக்கோட்டுக்கு மேலே ஒரு அடி வரை தட்டிவிட்டு, கல்லை வெறுமையாக விடுங்கள். வெள்ளையாகப் பூப்பதைத் தண்ணீர் படாமல் காய்ந்த தூரிகையால் தட்டி அள்ளி வெளியே கொட்டுங்கள். வெறும் சுவரோடு ஒரு தையைக் கடத்தலாம், சரக்குக்குக் கேடில்லை. மறுபடி பூசும்போது கடல் மணல் கலந்த மணலை மேசன் கொண்டுவர விடாதீர்கள். அந்த உப்பு காற்றிலுள்ள ஈரத்தையே இழுத்து, காய்ந்த சுவரையும் நனைத்துக் காட்டும்.

பூசி முடிந்து மண் போடுவதற்கு முன், அந்த உள்மூலையைக் கிட்ட நின்று படம் எடுத்து இங்கே போடுங்கள். பார்த்துச் சொல்கிறேன், அதன் பிறகு மண்ணை மூடலாம்.